வீரப்பன் ஆவணத் தொடர்கள்: ஒரு மதிப்பீடு

சந்தனக் கடத்தல் வீரப்பனைப் பற்றி 2023ஆம் ஆண்டில் இரண்டு ஆவணத் தொடர்கள் வெளிவந்தன. ஆகஸ்ட் 4 அன்று நெட்ஃபிளிக்ஸ் தளத்தில் வந்தது 'தி ஹண்ட் ஃபார் வீரப்பன்'. நான்கு பகுதிகள் கொண்ட இத்தொடரை இயக்கியவர் செல்வமணி செல்வராஜ். டிசம்பரில் ஜீ5 தளத்தில் வந்தது 'கூச முனிசாமி வீரப்பன்'. இது ஆறு பகுதிகள் கொண்டது. இயக்கியவர் சரத் ஜோதி. இரண்டையும் ஏராளமானோர் பார்த்தனர். இரண்டாவது தொடரில் வீரப்பனே பேசும் காட்சிகள் துண்டு துண்டாகக் கைப்பேசிகளிலும் சுற்றின. தொடரை முழுதாகப் பார்க்காத பலர் அந்தத் துண்டுகளை மட்டும் பார்த்திருக்கிறார்கள்.

துண்டில் மீசை இருக்கிறது, பேச்சு இருக்கிறது, நக்கலும் சிரிப்பும் இருக்கின்றன. அந்தப் பேச்சுக்கு முன்னும் பின்னும் நடந்தவை இல்லை. வீரப்பன் 2004 அக்டோபரில் கொல்லப்பட்டார். அதற்குப் பிறகு பிறந்த பிள்ளைகள் இன்று கல்லூரியில் படிக்கிறார்கள். அவர்களுக்கு அவர் அறிமுகமாவது பெரும்பாலும் இப்படித்தான். ஆயுதம் ஏந்திய ஒருவர் ஆவணப்படத்தில் தோன்றிப் பேசும்போது அதை எப்படிக் கேட்பது, அவர் பேச்சுக்குப் பக்கத்தில் யார் பேச்சு இருக்க வேண்டும் என்ற கேள்வியை வைத்து இவ்விரு தொடர்களையும் இக்கட்டுரை அணுகுகிறது. கொல்லிமலை, சித்தேரி மலை, ஜவ்வாது மலை போன்ற மலைகளில் வாழும் மக்களுக்கு இது வெறும் திரைப்பட ரசனை பற்றிய கேள்வி அல்ல. அதற்கான காரணம் கட்டுரையின் பிற்பகுதியில் வருகிறது.

கொள்ளைக்காரரா, தீவிரவாதியா

வீரப்பன் 1952இல் கோபிநத்தத்தில் பிறந்தார். அப்போது அது சென்னை மாநிலத்தில் இருந்தது. 1956 மொழிவாரிப் பிரிவினையில் கொள்ளேகால் வட்டம் மைசூர் மாநிலத்துக்குப் போனதால், தமிழ் பேசும் அவ்வூரும் அந்தப் பக்கம் போய்விட்டது. யானைத் தந்தத்துக்கான வேட்டை, பிறகு சந்தன மரம், பிறகு ஆள்கடத்தல் என்று அவர் வழி நீண்டது. 1991 நவம்பர் 10 அன்று, சரணடைவதாகச் சொன்ன பேச்சை நம்பி வந்த கர்நாடக வனத்துறை அதிகாரி பி. சீனிவாஸைக் கொன்று தலையைத் துண்டித்தார். 1993 ஏப்ரல் 9 அன்று பாலாறு அருகே நிகழ்த்திய கண்ணிவெடித் தாக்குதலில் 22 பேர் இறந்தனர்.

இந்தக் கட்டம் வரை செய்தித்தாள்கள் அவரைக் 'கொள்ளையன்' என்றே எழுதின. சட்டம் அப்போதே வேறு பெயர் வைத்துவிட்டது. பாலாறு வழக்கு தடா சட்டத்தின் கீழ் நடந்தது, அதாவது பயங்கரவாதத் தடுப்புச் சட்டத்தின் கீழ். அச்சட்டத்தில் மைசூர்ச் சிறையில் அடைக்கப்பட்டவர்களில் பெரும்பாலோர் ஆடு மாடு மேய்த்தவர்கள், விறகு பொறுக்கியவர்கள், வீரப்பன் கூட்டத்துக்கு அரிசி கொடுத்ததாகச் சந்தேகிக்கப்பட்டவர்கள். பல ஆண்டுகள் சிறையில் கழித்த பிறகு 2001இல் அவர்களில் மிகப் பலரை நீதிமன்றம் விடுதலை செய்தது. நால்வருக்கு உச்ச நீதிமன்றம் 2004இல் மரண தண்டனை விதித்தது. அது 2014இல் ஆயுள் தண்டனையாகக் குறைக்கப்பட்டது.

அரசியல் தீவிரவாதம் என்று வெளிப்படையாகச் சொல்லத்தக்க கட்டம் 2000இல் வந்தது. அந்த ஆண்டு ஜூலை 30 இரவு, கன்னட நடிகர் ராஜ்குமாரை அவருடைய சொந்த ஊரான தொட்டகாஜனூரில் வீரப்பன் கடத்தினார். உடன் இருந்தவர்களில் தமிழ்நாடு விடுதலைப் படையைச் சேர்ந்தவர்களும் உண்டு. தமிழரசன் தொடங்கிய அமைப்பு அது. அவர் 1987இல் பொன்பரப்பியில் நடந்த வங்கிக் கொள்ளையின்போது ஊர்மக்களால் அடித்துக் கொல்லப்பட்டார். கடத்தியவர்கள் முன்வைத்த பத்துக் கோரிக்கைகளில் காவிரி நீர் இருந்தது, 1991 காவிரிக் கலவரத்தில் பாதிக்கப்பட்ட தமிழர்களுக்கு இழப்பீடு இருந்தது, பெங்களூரில் மூடிக்கிடந்த திருவள்ளுவர் சிலையின் திறப்பு இருந்தது, மாஞ்சோலைத் தோட்டத் தொழிலாளர்களின் கூலி இருந்தது, நீலகிரித் தேயிலைக்கான விலையும் இருந்தது. யானைத் தந்தம் விற்றவர் ஒரே இரவில் தேயிலை விவசாயிக்காகப் பேசினார். (அந்தச் சிலை 2009 ஆகஸ்டில்தான் திறக்கப்பட்டது. இரு முதலமைச்சர்கள் பேசி முடித்தது அது. துப்பாக்கிக்கு அதில் வேலை இருக்கவில்லை.) நெட்ஃபிளிக்ஸ் தொடர் தன் மூன்றாவது பகுதிக்குப் 'புரட்சிக்காரர்' என்று பொருள்படும் தலைப்பை வைத்திருக்கிறது. அதில் நக்கல் இருக்கிறதா, ஒப்புதல் இருக்கிறதா என்பதைப் பார்ப்பவரே முடிவு செய்துகொள்ள வேண்டியிருக்கிறது. ஆவணப்படம் இந்த இடத்தில் இவ்வளவு நழுவியிருக்க வேண்டியதில்லை.

கோரிக்கைகளில் பல நியாயமானவை. ஆனால் நியாயமான கோரிக்கையை 108 நாள் பணயக்கைதியாக இருந்த எழுபது வயதுக்காரரின் கழுத்தில் கட்டித் தொங்கவிட்டதால், அக்கோரிக்கைகளுக்காகப் பல ஆண்டுகளாகப் போராடியவர்களுக்குத்தான் இழப்பு. பெங்களூர்த் தமிழர்கள் அந்த மூன்றரை மாதமும் அச்சத்தோடு வாழ்ந்தார்கள். இரு தொடர்களும் தொடாமல் கடக்கக் கூடாத இடம் இது. கடத்தலின் திகிலைக் காட்டுவதற்குச் செலவிடும் நேரத்தில் பாதியைக்கூட இந்தக் கணக்குக்குச் செலவிடும் வழக்கம் இவ்வகைப் படங்களுக்கு இல்லை.

ஒளிநாடா வந்த வழி

வீரப்பனின் முகம் பொதுமக்களுக்குப் பழகியது 1993க்குப் பிறகுதான். நக்கீரன் இதழின் செய்தியாளர் சிவசுப்பிரமணியம் காட்டுக்குள் சென்று எடுத்த புகைப்படங்களும் பேட்டியும் அப்போது வெளியாயின. பிறகு நக்கீரன் கோபாலும் அவரது குழுவினரும் ஒளிப்படக் கருவியோடு சென்றனர். மணிக்கணக்கில் பேச்சு பதிவானது. ஜீ5 தொடரின் முதுகெலும்பு இந்தப் பதிவுகள்தான்.

இந்தப் பதிவுகள் சும்மா எடுக்கப்பட்டவை அல்ல. காட்டிலிருந்து நாட்டுக்கு வந்த தூது அவை. பொதுமன்னிப்புக் கேட்டு, நிபந்தனை சொல்லி, மிரட்டி, தன் பக்க நியாயத்தை விளக்கி வீரப்பன் அனுப்பிய ஓலைகள் என்று அவற்றைச் சொல்லலாம். 1997இல் கர்நாடக வனத்துறையினர் ஒன்பது பேரைக் கடத்தியபோதும், 2000இல் ராஜ்குமாரைக் கடத்தியபோதும் தூதராகச் சென்றவர் நக்கீரன் கோபால். ராஜ்குமார் கடத்தலில் இரு மாநில அரசுகளும் சேர்ந்தே அவரை அனுப்பின. அப்போது ஒலிநாடாவும் ஒளிநாடாவும் பேச்சுவார்த்தையின் ஒரு பகுதியாகவே இருந்தன. கருவிக்கு எதிரே உட்கார்ந்திருந்தவருக்கு, தான் பேசுவதை முதலமைச்சர்கள் பார்ப்பார்கள் என்று தெரியும். எனவே அந்தக் காட்சிகளில் இருப்பது ஒளிந்திருந்து பிடித்த உண்மை அல்ல. தன்னை எப்படிக் காட்ட விரும்பினாரோ அப்படி அவர் உட்கார்ந்தார், அப்படிப் பேசினார்.

கொல்லிமலைப் பள்ளிகளில் படித்தவர்களுக்கு இதைப் புரியவைப்பது எளிது. கொல்லிமலையை ஆண்ட வல்வில் ஓரியை வன்பரணர் பாடிய பாட்டு புறநானூற்றில் இருக்கிறது. ஒரே அம்பு யானையை வீழ்த்தி, புலியையும் மானையும் பன்றியையும் துளைத்து, புற்றில் கிடந்த உடும்பில் போய்த் தைத்தது என்கிறது அப்பாட்டு. பாடியவர் சுற்றத்தோடு காட்டு வழியே வந்தவர். அந்த வேட்டுவன் கொடுத்த இறைச்சியும் தேனும் பொன்னும் பெற்றவர். செம்மேட்டில் ஆண்டுதோறும் ஆடிப் பதினெட்டையொட்டி ஓரி விழா நடக்கிறது. விழாவில் அந்த அம்பின் கதையைக் கேட்டுக் கைதட்டும் மாணவர், வகுப்பில் அதே பாட்டைப் படிக்கும்போது அது பரிசில் பெற்ற புலவரின் பாட்டு என்றும் படிக்கிறார். இதனால் ஓரியின் பெருமை குறைவதில்லை. பாட்டை எப்படி எடுத்துக்கொள்வது என்பது தெளிகிறது. காட்டுக்குள் விருந்தாளியாகப் போய், சுற்றிலும் துப்பாக்கிகள் நிற்க, அவர்கள் சமைத்ததைச் சாப்பிட்டு, அவர்கள் வழிகாட்ட வெளியே வந்தவர் எடுத்த ஒளிநாடாவையும் இதே கவனத்தோடு பார்க்க வேண்டும். அந்த இடத்தில் எதிர்க்கேள்விக்கு எவ்வளவு இடம் இருந்திருக்கும் என்பது ஊகிக்கக்கூடியதே.

நக்கீரன் தரப்புக்கும் இதனால் வந்த இழப்பு சிறிதல்ல. 2003இல் கோபால் பொடா சட்டத்தில் கைது செய்யப்பட்டார். பதிவுகளைப் பாதுகாத்து வைத்திருந்ததே ஒரு வரலாற்றுப் பணி. ஆனால் கதையில் தூதராக வருபவரின் தரப்பே தொடரின் உருவாக்கத்திலும் பங்குகொண்டிருக்கும்போது, தூதுப் பணி பற்றிய விமரிசனம் அத்தொடரிலிருந்தே வரும் என்று எதிர்பார்க்க முடியாது. பார்ப்பவர்தான் அதைத் தன் பக்கத்திலிருந்து சேர்த்துக்கொள்ள வேண்டும்.

நெட்ஃபிளிக்ஸ் தொடர்: மனைவியும் அதிரடிப்படையும்

'தி ஹண்ட் ஃபார் வீரப்பன்' தொடரைத் தாங்கி நிற்கும் குரல் முத்துலட்சுமியுடையது. வீரப்பனைச் சந்தித்தது, மணந்தது, காட்டில் வாழ்ந்தது, பிறகு காவலில் பட்டது எல்லாவற்றையும் அவர் சொல்கிறார். எதிர்ப்பக்கத்தில் வேட்டையாடிய காவல் அதிகாரிகள் பேசுகிறார்கள். இரண்டு தரப்பும் கிடைத்துவிட்டதால் நடுநிலை வந்துவிட்டது என்று படம் நம்புகிறது.

உண்மையில் இந்தக் கதைக்கு இரண்டு தரப்பு மட்டும் அல்ல. பாலாற்றில் இறந்த 22 பேரில் பெரும்பாலோர் சீருடை அணிந்தவர்கள் அல்லர். வழிகாட்டவும் தகவல் சொல்லவும் வாகனத்தில் ஏற்றிச் செல்லப்பட்ட சாதாரண ஆட்கள் அவர்கள். காவல்துறையின் நினைவுத்தூணில் அவர்களுக்கு இடமில்லை. வீரப்பனைப் பாடுபவர்களுக்கோ அவர்கள் காட்டிக்கொடுத்தவர்கள். இப்படி இரு பக்கமும் கைவிட்ட மனிதர்களைத் தேடிப் போவதுதான் ஆவணப்படத்தின் வேலை. அந்தக் குண்டுவெடிப்பின் பேரழிவைத் தொடர் நன்றாகவே உணர்த்துகிறது. ஆனால் இறந்தவர்கள் எண்ணிக்கையாகவே நின்றுவிடுகிறார்கள்.

இன்னொரு பெயரையும் இங்கே சொல்ல வேண்டும். 1992இல் வீரப்பன் கொன்ற காவல் உதவி ஆய்வாளர் ஷகீல் அகமதுவின் தந்தை அப்துல் கரீம். ராஜ்குமாரை மீட்பதற்காகத் தடா கைதிகளை விடுவிக்க இரு மாநில அரசுகளும் முன்வந்தபோது, மகனை இழந்த அந்தத் தந்தை உச்ச நீதிமன்றம் வரை போனார். 2000 நவம்பர் 7 அன்று உச்ச நீதிமன்றம் அந்த விடுவிப்புக்குத் தடைபோட்டது. ஒருபுறம் மாநிலமே கொந்தளிக்கும் நிலை. மறுபுறம் ஒரு முதியவர், சட்டம் எல்லாருக்கும் ஒன்றுதானா என்று கேட்கிறார். ஒரு நாடகாசிரியர் கற்பனை செய்தாலும் இதைவிட வலுவான காட்சியை எழுதிவிட முடியாது. ராஜ்குமார் கடத்தலைப் பற்றிப் பேசும் எந்தப் படத்துக்கும் இவர்தான் மையமாக இருந்திருக்க வேண்டும். நட்சத்திரத்தைச் சுற்றியே கதை சொல்லிப் பழகிய கண்ணுக்கு இவர் தெரிவதில்லை.

படத்தின் கலைத்திறன் குறையுள்ளது அல்ல. காட்டின் பரப்பைக் கண்முன் கொண்டுவருகிறது. கதையை எங்கும் தொய்யவிடவில்லை. நான்காவது பகுதியில், 2004 அக்டோபர் 18 இரவு பாப்பாரப்பட்டி அருகே வீரப்பனும் உடனிருந்த மூவரும் கொல்லப்பட்ட நிகழ்ச்சியை, ஆம்புலன்ஸ் வண்டியின் உள்ளே இருப்பதுபோல நாம் பார்க்கிறோம். ஆனால் 'வேட்டை' என்று தலைப்பு வைத்த பிறகு, வேட்டை முடிந்தால் கதையும் முடிந்துவிடுகிறது. வேட்டையில் மிதிபட்டவர்களுக்குக் கதை அன்று முடியவில்லை.

ஜீ5 தொடர்: பேசுபவர் வீரப்பன்

'கூச முனிசாமி வீரப்பன்' தொடரின் பலமும் பலவீனமும் ஒன்றே. வீரப்பன் தன் வாயாலேயே பேசுகிறார். நன்றாகப் பேசுகிறார் என்பதை மறுப்பதற்கில்லை. காட்டு விலங்கைப் போலக் குரல் எழுப்புகிறார், நடித்துக் காட்டுகிறார், அரசியல் தலைவர்களைப் பற்றியும் நடிகர்களைப் பற்றியும் கருத்துச் சொல்கிறார். தருமபுரி, சேலம் வட்டாரப் பேச்சு மாறாமல் வருகிறது. 'கேப்டன் பிரபாகரன்' (1991) படத்தில் மன்சூர் அலிகான் நடித்த பாத்திரம் தொடங்கிப் பல படங்கள் காட்டிய உறுமும் வில்லனை எதிர்பார்த்து உட்காருபவர், திண்ணையில் கதை சொல்லும் பெரியவரைப் போன்ற ஒருவரைப் பார்க்கிறார். அந்த வியப்பிலேயே பாதி மனம் அவர் பக்கம் சாய்ந்துவிடுகிறது.

கொலையைப் பற்றிப் பேசும்போதும் அந்தக் கதைசொல்லும் சுவை குறைவதில்லை. இங்கேதான் இயக்குநர் குறுக்கே வர வேண்டும். சீனிவாஸ் கொலையை எடுத்துக்கொள்ளலாம். கோபிநத்தம் மக்கள் அந்த அதிகாரியை இன்றும் மறக்கவில்லை. அவ்வூரில் மாரியம்மன் கோயில் கட்ட உதவியவர், மருந்து கொடுத்தவர். அவர் படத்தை அவ்வூரில் வைத்து வணங்குகிறார்கள். அவருக்கு 1992இல் கீர்த்தி சக்கரம் வழங்கப்பட்டது. வீரப்பன் பிறந்த ஊரே, வீரப்பன் கொன்றவரைக் கும்பிடுகிறது. ஒளிநாடாவில் வீரப்பன் என்ன காரணம் சொன்னாலும், அந்தக் கோயிலின் ஒரு காட்சியை அதற்குப் பக்கத்தில் வைத்தால் போதும், விளக்கவுரை தேவைப்படாது. அப்படிப்பட்ட வலுவான எதிர்க்காட்சிகளைவிட, நாற்காலியில் அமர்ந்து கருத்துரைப்பவர்களையே இத்தொடர் அதிகம் நம்புகிறது. என். ராம், சீமான், நடிகை ரோகிணி உள்ளிட்ட பலர் பேசுகிறார்கள். அறிந்தவர்கள் பேசுவது பயனுள்ளதே. ஆனாலும் கருத்தைக் கொண்டு காட்சியை மறுத்துவிட முடியாது. பார்ப்பவர் மனத்தில் கடைசியில் தங்குவது காட்சிதான்.

இத்தனைக்கும் பிறகு, நெட்ஃபிளிக்ஸ் தொடரைவிட ஒரு வகையில் இது மேலானது. அதிரடிப்படை முகாம்களில் சித்திரவதைக்கு ஆளான ஊர்மக்களின் சாட்சியத்துக்கு இது கணிசமான இடம் தருகிறது. 'ஒர்க்ஷாப்' என்று பெயர் பெற்ற அந்தச் சித்திரவதைக் கூடங்களைப் பற்றித் தேசிய மனித உரிமை ஆணையம் அமைத்த நீதிபதி சதாசிவா குழு விசாரித்தது. 2007இல் 89 பேருக்கு 2 கோடியே 80 லட்சம் ரூபாய் இழப்பீடு வழங்க ஆணையம் பரிந்துரைத்தது. அந்தச் சாட்சியங்கள் வரும் பகுதிகளில் தொடரின் தொனியே மாறிவிடுகிறது. வீரப்பனின் பேச்சில் இருந்த லாவகம் இவர்கள் பேச்சில் இல்லை. நிறுத்தி நிறுத்திப் பேசுகிறார்கள், சொல்லத் தயங்குகிறார்கள். கைப்பேசியில் சுற்றியது வீரப்பனின் பேச்சு மட்டும்தான். இந்தச் சாட்சியங்களை யாரும் வெட்டி எடுத்துப் பகிரவில்லை என்பதற்காகத் தொடர் செய்தவர்களைக் குறை சொல்ல முடியாது. ஆனால் எதை முன்னால் வைத்து விளம்பரம் செய்தார்கள் என்று கேட்கலாம்.

வேறு படங்கள் செய்தது என்ன

ஆயுதம் ஏந்தியவரையோ வெறியைத் தூண்டுபவரையோ படம் பிடிப்பது தவறு என்று சொல்ல வரவில்லை. படம் பிடித்துத்தான் ஆக வேண்டும். ஆனந்த் பட்வர்தனின் 'ராம் கே நாம்' (1992) பாபர் மசூதி இடிக்கப்படுவதற்கு முன் எடுக்கப்பட்டது. கரசேவகர்கள் அதில் தாராளமாகப் பேசுகிறார்கள். பட்வர்தன் அவர்களைத் திட்டுவதில்லை. ராமர் எந்த ஆண்டில் பிறந்தார் என்பது போன்ற எளிய கேள்வியை அமைதியாகக் கேட்கிறார். பதில் தடுமாறுகிறது, கருவி ஓடிக்கொண்டே இருக்கிறது. அதே படத்தில் ராமஜென்மபூமிக் கோயிலின் பூசாரி லால்தாஸ், இந்த இயக்கம் பக்தியால் நடப்பது அல்ல என்று சொல்கிறார். ஒரு கூட்டத்தின் ஆரவாரத்துக்கு எதிராக அந்த ஒற்றைக் குரலுக்குப் படம் கொடுக்கும் இடம் பெரிது. லால்தாஸ் 1993 நவம்பரில் சுட்டுக் கொல்லப்பட்டார்.

இந்தோனேசியாவில் 1965இல் நடந்த படுகொலைகளைப் பற்றி ஜோஷுவா ஓப்பன்ஹைமர் எடுத்த இரண்டு படங்களும் நம் விவாதத்துக்கு உதவும். 'தி ஆக்ட் ஆஃப் கில்லிங்' (2012) படத்தில் கொன்றவர்களே தங்கள் கொலைகளை நடித்துக் காட்டுகிறார்கள். ஆடுகிறார்கள், ஒப்பனை செய்துகொள்கிறார்கள். கொலைகாரர்களுக்கு மேடை கொடுத்துவிட்டார் என்ற கண்டனம் எழுந்தது. 2014இல் வந்த 'தி லுக் ஆஃப் சைலன்ஸ்' அதற்குப் பதில்போல் அமைந்தது. கொல்லப்பட்டவரின் தம்பி ஒரு கண்கண்ணாடித் தொழிலாளி. கண் பரிசோதிக்கும் சாக்கில் கொலைகாரர்கள் முன் உட்கார்ந்து, என் அண்ணனை நீங்கள்தானே கொன்றீர்கள் என்ற இடத்துக்குப் பேச்சைக் கொண்டுவருகிறார். எதிரில் இருப்பவர் முகம் மாறுகிறது. முதல் படம் இல்லாமல் இரண்டாவது இல்லை. இரண்டாவது இல்லாவிட்டால் முதல் படம் ஊனம்தான். வீரப்பன் உயிரோடு இல்லை, எனவே அப்படி நேருக்கு நேர் உட்கார வைக்க வழியில்லை. ஆனால் படத்தொகுப்பு மேசையில் இரண்டு முகங்களை அடுத்தடுத்து வைக்க யாருடைய உயிரும் தேவையில்லை. சீனிவாஸை வணங்கும் ஊரும், பாலாற்றில் தகப்பனை இழந்த பிள்ளைகளும் இருக்கிறார்கள்.

மலை மக்கள்

கொல்லிமலை வீரப்பனின் காடு அல்ல. கோபிநத்தத்திலிருந்து ஏறத்தாழ நூறு கிலோமீட்டர் தள்ளி, காவிரிக்குக் கிழக்கே நாமக்கல் மாவட்டத்தில் இருக்கிறது. அங்கே வாழ்பவர்களில் பெரும்பாலோர் மலையாளிப் பழங்குடியினர். (பெயரைப் பார்த்துக் கேரளம் என்று எண்ணிவிடக் கூடாது. மலையை ஆள்பவர், மலையில் வாழ்பவர் என்ற பொருளில் வந்த பெயர்; பேசுவது தமிழ்.) இதே மக்கள் சேர்வராயன், பச்சைமலை, கல்வராயன், சித்தேரி, ஜவ்வாது மலைகளிலும் வாழ்கிறார்கள். பெண் கொடுத்து எடுத்த உறவுகள் மலை தாண்டியும் உண்டு.

'சந்தனக் கடத்தல்' என்ற சொல் வீரப்பனால் பெரிதான பிறகு, சந்தன மரம் உள்ள எந்த மலையில் வாழ்பவரும் சந்தேகத்துக்கு உரியவரானார். சித்தேரி மலையடிவாரத்தில், அரூர் அருகே உள்ள வாச்சாத்தி வீரப்பன் திரிந்த காட்டிலிருந்து வெகு தூரம். 1992 ஜூன் 20 அன்று, பதுக்கிய சந்தனக் கட்டைகளைத் தேடுவதாகச் சொல்லி வனத்துறை, காவல்துறை, வருவாய்த்துறை ஆட்கள் சேர்ந்து அந்த ஊருக்குள் புகுந்தனர். 18 பெண்கள் பாலியல் வன்முறைக்கு ஆளாயினர். வீடுகள் சூறையாடப்பட்டன, கிணறுகள் பாழாக்கப்பட்டன. பெண்களும் குழந்தைகளுமாக நூற்றுக்கு மேற்பட்டோர் சிறைக்குப் போனார்கள். ஊரே காலியானது. குற்றம் சாட்டப்பட்ட அரசு ஊழியர்கள் 269 பேர். 2011 செப்டம்பர் 29 அன்று தருமபுரி நீதிமன்றம் தீர்ப்பளித்தபோது அவர்களில் 54 பேர் இறந்துவிட்டிருந்தனர். எஞ்சிய 215 பேரும் தண்டிக்கப்பட்டனர்.

2015 ஏப்ரல் 7 அன்று திருப்பதி அருகே சேஷாசலம் காட்டில் செம்மரம் வெட்ட வந்ததாகச் சொல்லி ஆந்திரக் காவல்துறை 20 பேரைச் சுட்டுக் கொன்றது. எல்லாரும் தமிழ்நாட்டவர். பலர் ஜவ்வாது மலை, சித்தேரி மலைப் பகுதிகளிலிருந்து கூலிக்குப் போன மலையாளிப் பழங்குடியினர். மரத்தை விற்றுக் கோடி சேர்த்தவர்கள் அந்தப் பட்டியலில் இல்லை.

வீரப்பன் தொடரைப் பார்த்துவிட்டு ஒரு வெளியூர்க்காரர் மலைக்கு வரும்போது, அவர் கண்ணில் மலைவாசி யார் என்பதைத் தொடரும் சேர்த்தே முடிவு செய்கிறது. காட்டு ராஜாவுக்குச் சோறு கொண்டுபோனவரா, காட்டிக்கொடுத்தவரா என்ற இரண்டு வேடங்கள்தான் இந்தக் கதைகளில் மலைவாசிக்கு இருக்கின்றன. தேன் எடுப்பவரும், தினையும் சாமையும் விதைப்பவரும், அன்னாசித் தோட்டத்தில் கூலி வேலை செய்பவரும், அரசு விடுதியில் தங்கிப் படிக்கும் பெண்ணும் கதையில் வருவதில்லை. வீரப்பனைத் தமிழ் வீரனாகப் பாடுபவர்களும், அவரைப் பிடிக்கப் போனவர்களை வீரர்களாகப் பாடுபவர்களும் இந்த ஒரு விஷயத்தில் ஒத்துப்போகிறார்கள்: காடு அவர்களுக்குச் சண்டை நடந்த களம் மட்டுமே. அதில் குடியிருப்பவர்கள் உண்டு என்பது இருவர் கணக்கிலும் சேரவில்லை. இந்தத் தலைமுறை மாணவர் ஒருவர் தன் மலையைப் பற்றி ஆவணப்படம் எடுக்க முனைந்தால், அவருக்கு முதலில் தேவைப்படுவது பழைய ஒளிநாடா அல்ல. வாச்சாத்தி வழக்கின் சாட்சிய ஏடுகளும் சதாசிவா குழுவின் அறிக்கையும்தான்.

இவ்விரு தொடர்களும் வெளிவந்த நான்கு மாத இடைவெளியில், 2023 செப்டம்பர் 29 அன்று, வாச்சாத்தி வழக்கில் குற்றவாளிகளின் மேல்முறையீடுகளைச் சென்னை உயர் நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. தீர்ப்பு எழுதிய நீதிபதி பி. வேல்முருகன் அந்த ஆண்டு மார்ச் மாதம் வாச்சாத்திக்கே நேரில் சென்று பார்த்திருந்தார். பாதிக்கப்பட்ட 18 பெண்களுக்கும் தலா 10 லட்சம் ரூபாய் வழங்கவும், அதில் பாதியைக் குற்றவாளிகளிடமிருந்து வசூலிக்கவும் அவர் உத்தரவிட்டார். அந்தப் பெண்களில் மூவர் அதற்குள் இறந்துவிட்டனர். அவர்கள் பங்கு குடும்பத்தாருக்குப் போனது.